தோளில் இருந்த கை

தட்டியில் கிழிசல் இருக்கிற இடமாகப் பார்த்துத்தான் பிரமு உட்கார்ந்தாள். பெண்கள் பக்கத்தையும் ஆண்கள் பக்கத்தையும் பிரித்துக் கட்டியிருந்த பனையோலைத் தட்டி அது. ஏதோ ஒரு பிள்ளை விரலை விட்டு நோண்டிப் பெரிசாக்கி வைத்திருந்த அந்த ஓட்டை வழியாகப் பார்த்தால் முன்வரிசை நாற்காலிகள் தெரிந்தன, மூன்றாவது நாற்காலியில் மில்லில் ஆட்களை மேய்க்கிற குருவையா மேஸ்திரி தெரிந்தான், முழங்கால்களுக்கு நடுவே நிறுத்தியிருந்த குடையும் அதன் பிடிமேல் ஒன்றன்மேல் ஒன்றாக வைத்திருந்த அவனுடைய இரண்டு கைகளும் தெரிந்தன. மனசுக்குள் அவனை அவள் அவன் என்றுதான் சொல்லுவாள். வாயைத் திறந்தால் மேஸ்திரி ஐயா என்றுதான் வரும், பத்து வருசப் பழக்கம் அப்படி. வெள்ளிக்கிழமையும் நேற்றும் மற்ற சனங்களைப் போல அவளும் திரையையே பார்த்துக்கொண்டிருந்துவிட்டாள். இன்றைக்கு அவள் திரையைப் பார்க்க வரவில்லை. திரையைப் பார்க்கிற இந்த ஆளைப் பார்க்க வந்திருக்கிறாள். இன்றோடு மூன்று நாள் முடிகிறது, நாளைக் காலை வண்டியில் படப்பெட்டி திண்டுக்கல்லுக்குப் போய்விடும், அப்புறம் அதை எங்கே போய்த் தேட. ஞாயிற்றுக்கிழமை மத்தியானம், மூட்டை அடுக்கி வைக்கிற பழைய பஞ்சுக் கிட்டங்கி, ஜன்னல்களில் தார் பூசிய சாக்கை ஆணியடித்து வெளிச்சத்தை அடைத்திருந்தார்கள். கூரைத் தகரம் காய்ந்து அனலை உள்ளே இறக்கியது. பருத்திக்கொட்டை வாடையும் வேர்வையும் தலைப்பூவும் சேர்ந்து குமட்டியது. காலையிலிருந்து அவள் ஒன்றும் சாப்பிடவில்லை, சாப்பிடவில்லை என்பது இப்போதுதான் அவளுக்கு நினைவுக்கு வந்தது. ஆபரேட்டர் கைப்பிடியைச் சுற்றத் தொடங்கினான், கடகடவென்று அந்தச் சத்தம் கிளம்பியதும் கிட்டங்கியில் இருந்த முந்நூறு பேரும் ஒரே மூச்சாக அடங்கினார்கள்.

ரயில் வந்தது. மேடையில் நின்ற கூட்டத்தை நோக்கிச் சத்தமே இல்லாமல் பெருத்துக்கொண்டே வந்து நின்றது. முதல் நாள் இதைப் பார்த்துப் பெண்கள் பக்கத்தில் பாதிப்பேர் காலை மடக்கிக்கொண்டார்கள், இன்றைக்கு முன்னால் இருக்கிறவள் கொட்டாவி விடுகிறாள். திரைக்கு ஓரமாகக் கையில் பிரம்போடு நின்ற சந்தியாகு, தகரக் குழலில் வாயை வைத்து, நமது நெடுங்குளம் ஜங்ஷனில் மெயில் வண்டி வந்து நிற்கும் கண்கொள்ளாக் காட்சி என்று சொன்னார். ஒரு காலத்தில் நாடகக் கம்பெனியில் கோமாளி வேஷம் கட்டியவர் அவர், இப்போது ஊர் ஊராகப் படத்தோடு போய், திரையில் ஓடுகிறதற்கெல்லாம் வாயால் விளக்கம் சொல்லுகிற வேலை. எட்டு மாசத்துக்கு முன்னால் பட்டணத்துக் கம்பெனி ஆட்கள் முக்காலியும் பெட்டியுமாக இந்த ஊரில் இறங்கி, நாலு நாள் சுற்றி, கண்ணில் பட்டதையெல்லாம் படம் பிடித்துக்கொண்டு போனார்கள். ராஜா இல்லை, ராணி இல்லை, சண்டை இல்லை. நடக்கிற சனம், சந்தையில் கத்தரிக்காய் பொறுக்குகிற சனம், குளத்தில் துணி அடிக்கிற சனம். தன்னைத்தானே பார்க்கத்தான் ஊர் இப்படி முட்டி மோதுகிறது. அடியே உன் அண்ணன், அடியே என் முதுகு என்று ஒருத்தி இன்னொருத்தியை இடிக்கிறாள். பிரமுவுக்கும் அப்படித்தான் சேதி வந்தது. வியாழக்கிழமை கடலை உடைக்கிற இடத்தில் பக்கத்தில் இருந்தவள் குனிந்து, உம் வீட்டுக்காரர் வாராக, மில்லு வாசல்ல, நல்லாத் தெரியுதாக, கிட்டங்கியில படத்தை ஓட்டிப் பார்க்கையில எங்க வீட்டுக்காரரு பார்த்தாகளாம் என்றாள். செத்துப்போனவர் வருகிறார் என்றால் ஓடாமல் என்ன செய்வாள். ஓடினாள். பார்த்தாள். வெள்ளைத் துண்டு, சீவின தலை, முறுக்கின மீசை. நாலு மூச்சு விடுகிற நேரம். வாயைத் திறந்து ஏதோ சொல்லுகிறார், சத்தம் இல்லை. அதுதான் அவளுக்குத் தாங்க முடியாமல் போனது. மில்லில் இருந்து இருந்து காது மந்தமாகி, வீட்டில் தண்ணி கேட்டால்கூட நாலு வீட்டுக்குக் கேட்கிற மாதிரிக் கத்திக் கேட்கிற மனுசர். அவரைப் போய் ஊமையாக்கி வைத்திருந்தார்கள்.

அவர் செத்த அன்றைக்குச் சனிக்கிழமை, அரைநாள் வேலை. சங்கு ஊதி ஆட்கள் வெளியே வருகிறதைப் படம் பிடிக்கப் போகிறார்கள் என்று முதல் நாளே மில் முழுக்கத் தெரியும். சங்கு ஊதி கேட்டைத் திறந்த பிறகும் எஞ்சின் நிற்கக் கொஞ்ச நேரம் ஆகும், அந்தக் கொஞ்ச நேரத்தில்தான் பஞ்சைச் சிக்கெடுக்கிற கார்டு ரூமில் ஓடிக்கொண்டிருந்த பெல்ட்டு அவரை இழுத்தது. அவள் தன்னோடு நூல் சுற்றுகிற ரீலிங் பெண்களோடு முதலிலேயே வெளியே வந்து, வாசலைத் தாண்டி, கருவேல மரத்தடியில் நின்று அவருக்காகப் பார்த்துக்கொண்டிருந்தாள். எல்லாரும் வந்தார்கள். அவர் வரவில்லை. மூன்றாம் நாள் மில்லுத் துரை பங்களாவில் விசாரணை வைத்தார்கள், அவள் வெளியே வேப்பமரத்தடியில் நின்றாள், உள்ளே குருவையா சொன்னதை மில் கிளார்க்கு வெளியே வந்து அவளுக்குச் சொன்னார். சங்கு ஊதினதும் ஆள் எல்லாம் வெளியே வந்தாச்சு, நானும் வாசலில்தான் நின்றேன், இவன் எப்போது பின்பக்கத் திட்டிவாசல் வழியாக உள்ளே நுழைந்தான் என்று எனக்குத் தெரியாது, தூக்கும்போது இடுப்பில் நூல்கண்டு இரண்டு இருந்தது. அவ்வளவுதான் அவன் சொன்னது. திருடன் என்ற வார்த்தையை அவன் சொல்லவே இல்லை, அதை ஊர் சொல்லிக்கொள்ளும் என்று அவனுக்குத் தெரியும். ஊர் சொன்னது. ரீலிங்கில் அவளை வரவேண்டாம் என்று நிறுத்தினார்கள். பதினாறாம் நாள் காரியத்துக்கு எட்டுப் பேர் வந்தார்கள், அதில் மூன்று பேர் சாப்பிடாமல் போனார்கள். மகள் குழாயடியில் குடத்தோடு நின்றபோது வரிசையில் ஒருத்தி, திருட்டுப்பய மகளை முதலில் விடுங்கடி, குழாயைக் கழற்றிக்கொண்டு போய்விடப்போகிறாள் என்று சொல்ல, எல்லாரும் சிரித்தார்களாம். மகள் அதை அழாமல் வந்து சொன்னாள். எட்டு வயசுப் பிள்ளை அழாமல் சொன்னதைக் கேட்ட அன்றைக்குத்தான் பிரமுவுக்கு உள்ளே ஒன்று கல்லாகிப் போனது, அதை வயிற்றில் வைத்துக்கொண்டேதான் அவள் தூங்கினாள், எழுந்தாள், கடலை உடைத்தாள்.

சந்தை வந்துவிட்டது. சந்தியாகு பிரம்பால் ஒரு தொந்தியைத் தொட்டு, இந்தப் பெரியவர் கத்தரிக்காயை முகர்ந்து பார்க்கிறார், மல்லிகை என்று நினைத்துவிட்டார் போலும் என்றார், கிட்டங்கி சிரித்தது, மேஸ்திரியும் சிரித்தான், தோள் குலுங்கியது, கைகள் குடைப்பிடிமேல் குலுங்கின. சிரி. மிளகாய்க் குவியல் பக்கத்தில் ஒருத்தி முறத்தோடு உட்கார்ந்திருக்கிறாள், படத்தில் மிளகாய் கருப்பாக இருக்கிறது, ஆனால் பிரமுவுக்கு உள்ளங்கை எரிந்தது. ஆடி மாசம் ஆற்றங்கரைக் காளி கோயிலில் கல்லின்மேல் வற்றல் வைத்து அரைத்து அம்மன் மேல் அப்பினாள் அவள், இவன் குலம் எரியட்டும் என்று சொல்லிச் சொல்லி அப்பினாள். மூன்று நாள் அவள் கைதான் எரிந்தது. அவனுக்கு ஒன்றும் ஆகவில்லை. அவன் மகளுக்குக் கல்யாணம் நடந்தது, மேளம் அவள் வீட்டு வாசல் வழியாகத்தான் போனது. அதற்கப்புறம் அம்மனை நம்புவதை விட்டுவிட்டு அவள் தானே யோசிக்க ஆரம்பித்தாள். அவன் மில்லுக்குப் போகிற தெரு, திரும்புகிற மூலை, ஒதுங்குகிற புளியமரம் எல்லாம் அவளுக்கு மனப்பாடம். அம்மிக் குழவியை இரண்டு கையாலும் தலைக்கு மேலே தூக்க முடிகிறதா என்று ஒருநாள் வீட்டுக்குள் கதவைச் சாத்திக்கொண்டு தூக்கிப் பார்த்தாள். முடிந்தது. சமைத்துக்கொண்டிருக்கும்போதும் அவனைக் கொன்றாள், குளித்துக்கொண்டிருக்கும்போதும் கொன்றாள், ஒவ்வொரு தடவையும் அவன் சாகுமுன்னால் திரும்பி அவள் முகத்தைப் பார்க்கவேண்டும், பார்த்து எதற்கென்று அவனுக்குத் தெரியவேண்டும், அந்த இடத்தில் வந்துதான் எப்போதும் இடறும், ஏனென்றால் மனசில்கூட அவன் தெரியாதவன் மாதிரியே முழித்தான். இன்று காலை புறப்படும்போது மிளகாய்த்தூளை இலையில் மடித்து முந்தானையில் முடிந்துகொண்டாள். வாசல்வரை போனவள் திரும்பி வந்து அவிழ்த்து அடுப்படியில் வைத்துவிட்டாள். அவனுக்குக் கண் வேண்டும். கண் இருந்தால்தானே அவன் பார்ப்பான்.

காலையில் சந்தியாகுவைப் போய்ப் பார்த்திருந்தாள். கிட்டங்கிக்குப் பின்னால் வாளித் தண்ணியில் முகம் கழுவிக்கொண்டிருந்தார். அவள் சொன்னதை முழுக்கக் கேட்டார், துண்டால் முகத்தைத் துடைத்துக்கொண்டார். நான் இந்த இடத்தை நூறு தடவை ஓட்டிப் பார்த்தவன் தாயி, ஒருத்தர் உள்ளே போகிறது எனக்குத் தெரியும், எதையாவது மறந்து வைத்துவிட்டுப் போகிறார் என்று நினைத்துக்கொண்டேன் என்றார். அதை நீங்கள் எல்லாருக்கும் சொல்லவேண்டும் என்றாள் அவள். அவர் தலையை ஆட்டவில்லை. மில்லுத் துரை அனுமதி கொடுத்துத்தான் அந்தக் காட்சியே பிடித்தது, மேஸ்திரியைப் பற்றி நாலு நல்ல வார்த்தை சொல்லச் சொல்லி எங்கள் படக் கம்பெனி முதலாளி எழுதிக் கொடுத்திருக்கிறார், நான் சம்பளத்துக்குப் பேசுகிறவன் என்றார். பிறகு என்ன நினைத்தாரோ, உன் வீட்டுக்காரர் பேர் என்ன என்று கேட்டார். பிரமு வாயைத் திறந்தாள். பதினோரு வருசம் குடித்தனம் பண்ணின மனுசர், அவர் பேரை அவள் ஒருநாளும் சொன்னதில்லை. கோயிலில் அர்ச்சனைக்குக்கூடப் பக்கத்தில் நிற்கிறவளைச் சொல்லச் சொல்லுவாள். காளி பேருதான் என்றாள். உச்சி வெயிலுக்குச் சொல்லுவோமே, அது முன்னால வரும் என்றாள். சந்தியாகு அவளை ஒரு மாதிரியாகப் பார்த்தார். “நீயே வாயால சொல்லமாட்டேங்கிற பேரை, ஊரான் நான் எப்படித் தாயி சொல்லட்டும்” என்றார். கோபமாகச் சொல்லவில்லை. அதனால்தான் அது வழியெல்லாம் கூடவே வந்தது, இப்போதும் பக்கத்தில் உட்கார்ந்திருக்கிறது. சொல்லுவாரா, மாட்டாரா. பிரம்பைப் பிடித்திருக்கிற அவர் கையைப் பார்த்தால் ஒன்றும் தெரியவில்லை.

குளம். படித்துறையில் பிள்ளைகள் குதிக்கிறார்கள். குதித்தவன் நனைந்தபடியே ஓடிவந்து மறுபடியும் முன்னால் நின்று பல்லைக் காட்டுகிறான், துவைத்துக்கொண்டிருந்த பெண் ஒருத்தி குடத்தோடு போனவள் அதே குடத்தோடு திரும்பவும் போகிறாள். படம் பிடிக்கிற பெட்டிக்கு முன்னால் ஒரு தடவை போனவர்கள் சுற்றிக்கொண்டு வந்து இன்னொரு தடவை போனார்கள், ஊர் முழுக்க அப்படித்தான் செய்தது. நேற்று வீட்டுக்குப் போகிற வழியில் இந்த நினைப்புத்தான் அவள் காலைக் கட்டிப் போட்டது. அவரும் அப்படித் திரும்பியிருந்தால். அழகு பார்க்கிற மனுசர். அன்றைக்குக் காலையில் எண்ணெய் தடவிச் சீவிக்கொண்டே, இன்னைக்குப் படம் பிடிக்காகளாம், அந்த நீளத் துண்டை எடு என்று கத்தினார். நீளத் துண்டு, கல்யாணத்தில் அவள் அண்ணன் போட்டது, அவள்தான் பெட்டியிலிருந்து எடுத்து உதறிக் கொடுத்தாள். பெல்ட்டு பிடித்தது அந்தத் துண்டைத்தான் என்று பிற்பாடு சொன்னார்கள். எடுத்துக் கொடுத்தது யார். வேண்டாம், அதை நினைக்காதே. இன்னொரு தடவை படத்தில் விழவேண்டும் என்று ஆசைப்பட்டு அவரே திரும்பி உள்ளே போயிருந்தால், படத்தில் அவர் தோளில் இருந்த மேஸ்திரியின் கை தள்ளின கையா, போகாதே என்று பிடித்த கையா. முதல் நாள் கையே அவள் கண்ணில் படவில்லை, அவரைத்தான் பார்த்தாள். இரண்டாம் நாள் கை தெரிந்தது. தெரிந்த மாத்திரத்தில் தள்ளுகிற கை என்று உடம்பு முழுக்கச் சொன்னது. ஆனால் எட்டு மாசமாக ஒருத்தனைக் கொன்றுகொண்டே இருக்கிறவள் வேறென்ன பார்ப்பாள். ஒருவேளை பிடித்த கையாக இருந்து, இத்தனை நாள் அவள் வயிற்றில் வளர்த்தது வெறும் பொய்யாக இருந்து, மேஸ்திரி சொன்னதே உண்மையாக இருந்து. கிட்டங்கிக்குள் காற்றே இல்லை. பக்கத்தில் இருந்தவள் விசிறியை அவள் பக்கமாகத் திருப்பினாள். அதனால்தான் இன்றைக்கு அவனைப் பார்க்கவேண்டும். திரையில் இருக்கிற கை என்ன செய்தது என்று அந்தக் கைக்குச் சொந்தக்காரனுக்குத் தெரியும். அவன் முகத்தைத்தான் கேட்கவேண்டும்.

பள்ளிக்கூடப் பிள்ளைகள் வரிசையாக வந்து வணக்கம் வைத்துப் போனார்கள். அதற்கப்புறம் இரும்புக் கேட்டு. கிட்டங்கி ஒரு தடவை அசைந்து நிமிர்ந்தது, முந்நூறு பேரில் இருநூறு பேர் மில்லாட்கள், இதற்காகத்தான் வந்தவர்கள். இரண்டு கதவும் திறக்கிறது, ஆட்கள் கொட்டுகிறார்கள், சாதாரண நடையைவிட வேகமாக, பொம்மைகள் மாதிரி, தலையில் பஞ்சு ஒட்டிக்கொண்டு. அந்தா நான், அந்தா நம்ம சுடலை, அந்தா பிட்டர் என்று ஆண்கள் பக்கத்தில் கைகள் எழும்பின. பிரமு ஓட்டையில் கண்ணை வைத்தாள். திரை வெளிச்சம் மேஸ்திரியின் முகத்தில் பட்டுப்பட்டு அணைந்தது. திரையில் இடதுபக்கத் தூணோரம் கோட்டும் தலைப்பாகையுமாக அவன் வந்திருக்கவேண்டும் இப்போது, ஏனென்றால் நாற்காலியில் அவன் முதுகை நிமிர்த்தினான், இரண்டு கையும் கும்பிடுவதற்குத் தயாராகக் குடைப்பிடியை விட்டு எழும்பின. போன இரண்டு நாளும் இந்த இடத்தில்தான் சந்தியாகு, நமது மதிப்புக்குரிய மேஸ்திரி குருவையா அவர்கள் ஆட்களை ஒழுங்கு செய்கிறார்கள் என்பார், அவன் பாதி எழுந்து கும்பிடுவான், சனம் கைதட்டும். இன்றைக்கு அது வரவில்லை. சந்தியாகு, மில் விட்டு எல்லாரும் வெளியே வருகிறார்கள் என்றார். நிறுத்தினார். குழலை வாயிலிருந்து எடுத்துவிட்டார். பிரம்பு மட்டும் மெதுவாகப் போய்த் திரையில் ஓர் இடத்தில் நின்றது. பிரமு திரையைப் பார்க்கவில்லை, பிரம்பு எந்தத் துண்டின்மேல் நிற்கிறது என்று அவளுக்குத் தெரியும். அவள் மேஸ்திரியைப் பார்த்தாள். கும்பிட எழும்பின கைகள் கீழே இறங்கின. பிறகு முகம் இறங்கியது. கிட்டங்கியில் இருந்த அத்தனை முகமும் மேலே பார்க்க, அந்த ஒரு முகம் மட்டும் குனிந்து தன் முழங்காலைப் பார்த்தது, அங்கே ஏதோ ஒட்டிக்கொண்டிருக்கிற மாதிரி விரலால் தேய்த்தது. அவன் பார்த்திருக்கிறான். வெள்ளிக்கிழமையே பார்த்துவிட்டான். தன் அழகைப் பார்க்க வரவில்லை, வேறு யாராவது பார்க்கிறார்களா என்று காவல் இருக்கத்தான் மூன்று நாளும் வந்து உட்கார்ந்திருக்கிறான்.

எப்போது எழுந்தாள் என்று அவளுக்குத் தெரியாது. தட்டி சாய்ந்தது, யாரோ காலை மிதிக்காதே என்றார்கள். படத்துக்குப் பாட்டு வாசித்துக்கொண்டிருந்த ஆர்மோனியக்காரர் நிறுத்திவிட்டார், கைப்பிடி சுற்றுகிற சத்தம் மட்டும் இருந்தது. அவள் குரல் அவளுக்கே வேறு யாருடையதோ மாதிரிக் கேட்டது.

“எல்லாரும் வெளிய வாராக. ஒருத்தர் மட்டும் உள்ள போறாக. பாருங்க. அவுக தோள்ல ஒரு கை இருக்கு. யாரு கைன்னு பாருங்க.”

இருட்டுக்குள்ளிருந்து ஒரு ஆம்பிளைக் குரல், உள்ள போறது யாரு என்று கேட்டது.

“உச்சிமாகாளி” என்றாள் பிரமு. அந்தப் பேர் வாயைவிட்டுப் போய்விட்டது, இன்னொரு தடவையும் சொன்னாள். “உச்சிமாகாளி. திருடப் போனாருன்னு சொன்னாகளே, அவுக.”

படம் முடிந்து திரை வெள்ளையாக ஓடியது. யாரோ கதவைத் திறந்துவிட, மத்தியான வெயில் பலகை மாதிரி உள்ளே விழுந்தது. மேஸ்திரி எழுந்து நின்றான். வெளியே போக வழி இருந்தது, ஆனால் வரிசையில் இருந்தவர்கள் யாரும் முழங்காலை ஒதுக்கவில்லை. தொடவும் இல்லை, திட்டவும் இல்லை, சும்மா உட்கார்ந்திருந்தார்கள். அவன் சுற்றிலும் பார்த்தான், சிரிக்கப் பார்த்தான், அது சரியாக வரவில்லை. அன்னைக்குத் துரை படக்காரர்களைக் கூட்டிக்கொண்டு உள்ளே வருவதாக இருந்தது, பெல்ட்டுக்கு அடியில் பஞ்சு கிடந்தது, அள்ளிப் போடச் சொல்லி அனுப்பினேன், எஞ்சின் நின்றிருக்கும் என்று நினைத்தேன், யாராக இருந்தாலும் அதைத்தானே செய்வார்கள் என்று என்னென்னமோ சொன்னான். கடைசியில், “போகச் சொன்னேன். சாகச் சொல்லலையே” என்றான்.

“நூலு எடுக்கச் சொன்னீகளா?” என்று கேட்டாள் பிரமு.

“இல்ல.”

“அவுக எடுத்தாகளா?”

அவன் குனிந்து குடையை எடுத்தான். பின்னால் சுவரோரம் உட்கார்ந்திருந்த எஞ்சினும் பெல்ட்டும் பழுது பார்க்கிற பிட்டர் வேதமாணிக்கம் எழுந்தார், பெல்ட்டை அறுத்து உடம்பை எடுத்தவர் அவர்தான். தரையைப் பார்த்துக்கொண்டே, தூக்கினது நான், இடுப்பில் ஒன்றும் இல்லை, நூல்கண்டைப் பிறகு கொண்டுவந்து வைத்தார்கள் என்றார். யார் வைத்தது என்று அவர் சொல்லவில்லை, சொல்லவேண்டிய அவசியமும் இருக்கவில்லை. பிரமு பிட்டரையே பார்த்துக்கொண்டு நின்றாள். அவள் வீட்டுக்கு நாலாவது வீடு. குழாயடியில் அவர் பெண்டாட்டி அவள் மகளுக்குப் பின்னால்தான் நிற்பாள், அன்றைக்குச் சிரித்தவர்களில் அவளும் உண்டு. எட்டு மாசம் இந்த மனுசர் இதை வாய்க்குள் வைத்துக்கொண்டு அவள் வாசலைக் கடந்து போயிருக்கிறார், நல்லாருக்கியா பிரமு என்று கேட்டிருக்கிறார். வயிற்றில் இருந்த கல் கரையும் என்று நினைத்திருந்தாள். கரையவில்லை. திரும்பிப் படுத்த மாதிரி வேறு பக்கமாகச் சாய்ந்தது. அவள் வீட்டுக்காரர் உள்ளே போனபோது வெளியே வந்துகொண்டிருந்தவர்கள் எத்தனை பேர். எதிரே வந்த ஒருத்தன் தோளில் இடித்துக்கொண்டுதானே போனார். அத்தனை பேருக்கும் தெரியும், பின்பக்கத் திட்டிவாசல் இல்லை, முன்வாசல்தான் என்று. அன்றைக்கு மாலையே தெரியும். விசாரணை அன்றைக்கும் தெரியும். பதினாறாம் நாள் சாப்பிடாமல் எழுந்து போன மூன்று பேருக்கும் தெரியும்.

“மறுபடி போடுங்க” என்றாள்.

ஆபரேட்டர் யாரைப் பார்ப்பது என்று தெரியாமல் விழித்தான். சந்தியாகு திரைப்பக்கத்திலிருந்தே, சுற்றுப்பா என்று அவனிடம் சொன்னார். பிலிமைத் திருப்பிச் சுற்றுகிறவரை ஒருவரும் வெளியே போகவில்லை. கதவைச் சாத்தினார்கள், மறுபடியும் இருட்டு, மறுபடியும் அந்த இரும்புக் கேட்டு. தட்டிதான் கீழே கிடந்ததே, பிரமு அதன்மேல் நடந்து நாற்காலிகளுக்குப் பக்கத்தில் வந்து நின்றுகொண்டாள்.

“மேஸ்திரி ஐயா, தலையைத் தூக்கிப் பாருங்க” என்றாள். அவன் தூக்கினான். தூக்காமல் இருக்க அவனால் முடியவில்லை, அத்தனை பேரும் அவன் தூக்குகிறானா என்று பார்த்துக்கொண்டிருந்தார்கள். அப்புறம் அவள் திரும்பிக் கூட்டத்தைப் பார்த்து, இப்பம் நீங்க உங்களைப் பாருங்க என்று சொன்னாள், அதை அவள் சத்தமாகக்கூடச் சொல்லவில்லை. திரையில் ஆட்கள் கொட்டினார்கள். சுடலை வந்தான், பல்லைக் காட்டினான். வேதமாணிக்கம் வந்தார், மீசையைத் தடவிக்கொண்டு நேரே பார்த்தார். இன்னும் பத்துப் பேர், இருபது பேர், தலையைச் சாய்த்தும் கையை ஆட்டியும் சிரித்தும் படம் பிடிக்கிற பெட்டியையே பார்த்துக்கொண்டு வந்தார்கள், அவர்களுக்குப் பின்னால் மேஸ்திரியின் கை அவள் வீட்டுக்காரர் தோளைப் பிடித்துத் திருப்பி உள்ளே தள்ளியது, அவர் ஏதோ சொல்லிப் பார்த்தார், போனார், கூட்டத்துக்கு எதிர்த்திசையில் விலகி விலகிப் போனார், கொஞ்ச தூரம் துண்டு தெரிந்தது, அப்புறம் அதுவும் தெரியவில்லை. இந்தத் தடவை அந்தா நான் என்று யாரும் சொல்லவில்லை. ஒருத்தர் கையும் எழும்பவில்லை. யாரோ ஒருவர் மூக்கை உறிஞ்சுகிற சத்தம் கேட்டது. பிரமுவுக்கு அது இனித்தது. பொய் சொல்லுவானேன், பசித்துக் கிடந்த வயிற்றில் சோறு விழுந்த மாதிரி இனித்தது, இன்னும் கொஞ்சம் வேண்டும் என்று இருந்தது. அவர்கள் வெட்கப்பட்டால் போதாது, வீட்டுக்குப் போய்த் தூங்க முடியாமல் கிடக்கவேண்டும், குழாயடியில் அவள் மகள் வந்தால் தலையைத் திருப்பிக்கொள்ள வேண்டும், கண்ணாடியில் முகம் பார்க்கும்போதெல்லாம் அந்தச் சிரிப்பு தெரியவேண்டும்.

கிட்டங்கி காலியாகச் சிறிது நேரம் பிடித்தது. மேஸ்திரி தனியாக நடந்துபோனான், கூட நடக்க ஆள் இல்லை, தெருவின் இரண்டு பக்கமும் சனம் ஒதுங்கி நின்று அவனைப் போகவிட்டது. நாளைக்கு மில்லில் என்ன நடக்கும், துரை காதுக்கு எந்த விதமாகப் போய்ச் சேரும், அவனை வைத்துக்கொள்வார்களா அனுப்புவார்களா என்று பிரமுவுக்குத் தெரியாது. இரண்டு மூன்று பெண்கள் அவள் பக்கத்தில் வந்து என்னமோ சொல்ல வாயெடுத்தார்கள், அவள் முகத்தைப் பார்த்துவிட்டுப் போய்விட்டார்கள். வேதமாணிக்கம் வாசலில் செருப்பைத் தேடுகிற மாதிரி நெடுநேரம் நின்றார், அவள் அவரைப் பார்க்கவே இல்லை. உள்ளே ஆபரேட்டர் பிலிம் சுருளைத் தகர டப்பாவில் போட்டு மூடி, மேலே ஊர்ப்பேரைச் சுண்ணாம்பால் எழுதிக்கொண்டிருந்தான். சந்தியாகு சட்டையைக் கழற்றித் தோளில் போட்டுக்கொண்டு வந்தார், வேர்வையில் குளித்திருந்தார். இன்றைக்கோடு வேலை இருக்கிறதோ இல்லையோ, முதலாளியிடம் பேசிக்கொள்கிறேன் என்று பொதுவாகச் சொன்னார். பிறகு குரலைத் தாழ்த்திக்கொண்டு, “தாயி, நாளைக்குத் திண்டுக்கல். அதுக்கப்புறம் கரூர், திருச்சினாப்பள்ளி. அங்க இவங்களை ஒருத்தருக்கும் தெரியாது. வேலை இருந்துச்சுன்னா இந்த இடம் வரும்போது நான் என்ன சொல்லட்டும்?” என்று கேட்டார்.

அவள் யோசித்துப் பார்த்தாள். தெரியாத ஊர்களில், தெரியாத சனங்கள் கிட்டங்கிகளிலும் கூடாரங்களிலும் உட்கார்ந்து மேலே பார்த்துக்கொண்டிருப்பார்கள். அவர்களுக்கு இவர் வெறும் வெள்ளைத் துண்டு, அவன் வெறும் தலைப்பாகை.

“மேஸ்திரி பேரை மொதல்ல சொல்லுங்க, ஊர்ப் பேரோட சேர்த்துச் சொல்லுங்க” என்றாள் பிரமு. “எங்க வீட்டாளு பேரு பெறவு வந்தாப் போதும்.”